சதுர மைலுக்குள் ஒரு சின்ன வீடு: மைக்கேலா கோல் வளர்ந்த கிழக்கு லண்டன்

லண்டன் சுரங்க ரயிலில் ஆல்ட்கேட் என்றொரு ஸ்டேஷன் இருக்கிறது. 1876இல் திறந்தது. சுற்றுலாப் பயணிகள் பெரும்பாலும் அங்கே இறங்குவதில்லை. டவர் ஆஃப் லண்டன் கோட்டையைப் பார்க்க வந்த கூட்டம் பக்கத்து ஸ்டேஷனான டவர் ஹில்லிலேயே இறங்கிவிடும். ஆல்ட்கேட்டில் இறங்குகிறவர்கள் கழுத்தில் அடையாள அட்டையோடு, ஒரு கையில் காபி, இன்னொரு கையில் போன் என்று வேகமாக நடப்பவர்கள். பக்கத்திலிருக்கும் வங்கிகளுக்கும் இன்ஷூரன்ஸ் கம்பெனிகளுக்கும் வேலைக்குப் போகிறவர்கள்.

ஸ்டேஷனைவிட்டு வெளியே வந்து தலையை நிமிர்த்தினால் கண்ணாடிக் கோபுரங்கள்தான். வெள்ளரிப் பிஞ்சு வடிவில் நிற்பதால் 'கெர்கின்' என்று செல்லப்பெயர் வாங்கிய 180 மீட்டர் உயரக் கட்டடம் கூப்பிடு தூரத்தில் இருக்கிறது. இந்தக் கோபுரங்களுக்கு நடுவே, குறைந்த வாடகைக்கு விடப்படும் சில பழைய அடுக்குமாடிக் குடியிருப்புகளும் இருக்கின்றன. பால்கனியில் துணி காயும். கீழே குழந்தைகளின் சைக்கிள் நிற்கும். வங்கி வேலைக்கு ஓடுகிறவர்கள் யாரும் அந்தப் பக்கம் திரும்பிப் பார்ப்பதில்லை.

அப்படிப்பட்ட ஒரு குடியிருப்பில் வளர்ந்த பெண்தான் மைக்கேலா கோல். நடிகை, எழுத்தாளர், இயக்குநர். 2021இல் அமெரிக்காவின் எம்மி விருதை, குறுந்தொடருக்கான எழுத்துப் பிரிவில் வென்ற முதல் கறுப்பினப் பெண். அவர் நடந்த பாதையிலேயே நடந்தால், வழக்கமான லண்டன் டூர் காட்டாத ஒரு லண்டன் கண்ணில் படும்.

வாசல்மேல் குடியிருந்த கவிஞர்

பெயரிலேயே இருக்கிறது, ஆல்ட்கேட் ஒரு வாசல். ரோமானியர் கட்டிய நகரச் சுவரின் கிழக்கு வாசல். 1761இல் அதை இடித்துவிட்டார்கள். இடிப்பதற்குச் சுமார் 400 வருடங்களுக்கு முன்பு அந்த வாசலின் மேல் அறைகள் இருந்தன. 1374 முதல் 1386 வரை அங்கே குடியிருந்தவர் ஜெஃப்ரி சாசர். ஆங்கிலக் கவிதையின் தந்தை என்று கொண்டாடப்படுபவர். வேலை, துறைமுகத்தில் கம்பளிச் சுங்க அதிகாரி. பகலில் சுங்கக் கணக்கு, இரவில் கவிதை. அந்த வீட்டுக்கு வாடகை கிடையாது. வீட்டைப் பழுதில்லாமல் வைத்துக்கொள்ள வேண்டும் என்பதுதான் நகர நிர்வாகம் போட்ட நிபந்தனை.

ஆக, இந்த இடத்தில் எழுத்தாளர் குடியிருப்பது புதிதல்ல. 1381இல் வரிக்கொடுமை தாங்காமல் கிளர்ந்த விவசாயிகள் லண்டனுக்குள் நுழைந்ததும் இதே வாசல் வழியாகத்தான். உள்ளே பணக்கார நகரம், வெளியே உழைக்கும் மக்கள் என்ற பிரிவு அன்றைக்கே இருந்தது. சுவர் போய்விட்டது, பிரிவு போகவில்லை.

வாசல் இருந்த இடத்துக்குப் பக்கத்தில் இன்றும் நிற்கிறது ஆல்ட்கேட் பம்ப். ஓநாய்த் தலை வடிவக் குழாயுள்ள ஒரு கல் தூண். ஒரு காலத்தில் இதன் தண்ணீர் ருசியானது என்று பெயர் வாங்கியது. பிறகு பார்த்தால், அந்த ருசிக்குக் காரணம் வழியிலிருந்த இடுகாடுகளின் எலும்பிலிருந்து கரைந்து வந்த சுண்ணாம்புச் சத்து! 1876இல் குழாயை வேறு நல்ல தண்ணீரோடு இணைத்தார்கள். இந்தப் பம்ப்போடு பணக்கார 'சிட்டி' முடிகிறது, கிழக்கு லண்டன் தொடங்குகிறது என்பது லண்டன்காரர்கள் பல தலைமுறையாகச் சொல்லிவரும் கணக்கு.

வங்கிகளுக்கு நடுவே

சிட்டி ஆஃப் லண்டன் என்பது மாபெரும் லண்டன் நகரத்துக்குள் இருக்கும் ஒரு குட்டி நகரம். பரப்பளவு ஏறக்குறைய ஒரு சதுர மைல். அதனால் பெயரே 'ஸ்கொயர் மைல்'. தனி மேயர், தனி போலீஸ். பகலில் லட்சக்கணக்கானோர் வேலைக்கு வந்துபோவார்கள். ஆனால் 2021 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, இங்கே குடியிருப்பவர்கள் 9,000 பேர்கூட இல்லை. சனி, ஞாயிறு வந்தால் தெருவில் புறாக்கள்தான் அதிகம்.

மைக்கேலா 1987 அக்டோபர் 1 அன்று பிறந்தார். பெற்றோர் மேற்கு ஆப்பிரிக்காவின் கானா நாட்டிலிருந்து வந்தவர்கள். மைக்கேலா பிறப்பதற்கு முன்பே பிரிந்துவிட்டார்கள். அம்மா, அக்கா, மைக்கேலா என்று மூன்று பெண்கள் மட்டும் இருந்த வீடு. அம்மா துப்புரவு வேலைக்குப் போய்க்கொண்டே படித்தார். பின்னாளில் மனநலச் சேவைத் துறையில் வேலைக்குச் சேர்ந்தார். உலகத்தின் பணமெல்லாம் கைமாறும் தெருவில், மாதக்கடைசிக்குக் காசு எண்ணிய குடும்பம் அது.

அம்மா வேலைக்கும் படிப்புக்கும் ஓடும்போது பிள்ளையை எங்கே விடுவது? பக்கத்தில் குழந்தைகளுக்கான நாடக வகுப்பு ஒன்று இருந்தது. அங்கே சேர்த்துவிட்டார். மகளை நடிகையாக்கும் திட்டமெல்லாம் இல்லை. பிள்ளை பத்திரமாக இருக்கும், அவ்வளவுதான். பின்னாளில் மைக்கேலா இதைச் சிரித்துக்கொண்டே சொல்வார். பல பெரிய பயணங்கள் இப்படித்தான், வேறு ஏதோ ஒரு வீட்டுக் கஷ்டத்துக்குத் தேடிய வழியில் தொடங்குகின்றன.

ஒரே கட்டடம், நான்கு சாமி

ஆல்ட்கேட்டிலிருந்து ஐந்து நிமிட நடையில் மிடில்செக்ஸ் ஸ்ட்ரீட். அந்தப் பெயரை யாரும் சொல்வதில்லை. எல்லோருக்கும் அது 'பெட்டிகோட் லேன்' தான். உள்பாவாடைச் சந்து! துணிக்கடைகளால் வந்த பெயர். 19ஆம் நூற்றாண்டில் நாகரிகம் கருதித் தெருவின் பெயரை மாற்றிப் பார்த்தார்கள். ஜனங்கள் கேட்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை சந்தை இன்றும் பழைய பெயரில்தான் கூடுகிறது. பேரம் பேசத் தெரிந்தவர்களுக்கு அது நல்ல பொழுதுபோக்கு.

அங்கிருந்து சற்று வடகிழக்கே போனால் பிரிக் லேன். தெருப் பெயர்ப் பலகைகளில் ஆங்கிலத்தின் கீழே வங்காள எழுத்து. பிரியாணி வாசனையும், யூதர்களின் பழைய ரொட்டிக் கடையிலிருந்து வரும் 'பேகல்' வாசனையும் கலந்து வரும். இந்தத் தெருவில் கட்டாயம் பார்க்கவேண்டியது ஒரு மசூதி. 1743இல் பிரான்சிலிருந்து மதக் கொடுமைக்கு அஞ்சி ஓடிவந்த ஹியூகனாட் மக்கள் கட்டிய தேவாலயம் அது. பிறகு மெத்தடிஸ்ட் சபையின் ஆலயமானது. 1898இல் யூதர்களின் ஜெபக்கூடமானது. 1976 முதல் வங்கதேச முஸ்லிம்களின் மசூதி. செங்கல் அதே செங்கல். வந்து சேரும் மக்கள்தான் மாறிக்கொண்டே இருந்திருக்கிறார்கள்.

வந்தவர்களை எல்லோரும் வரவேற்கவில்லை என்பதும் உண்மை. அருகிலுள்ள அல்தாப் அலி பூங்கா அதற்குச் சாட்சி. 1978 மே 4 அன்று, வேலை முடிந்து வீடு திரும்பிய அல்தாப் அலி என்ற இளம் வங்காள ஆடைத் தொழிலாளி இங்கே இனவெறியால் குத்திக் கொல்லப்பட்டார். அவருடைய உடலைச் சுமந்த வண்டியின் பின்னால் ஆயிரக்கணக்கானோர் பிரதமர் இல்லம் இருக்கும் பகுதிவரை நடந்தார்கள். கிழக்கு லண்டனில் எழுத வருகிறவர்களின் சிரிப்புக்குள் ஒரு கூர்மை இருப்பதற்கு, இப்படிப்பட்ட மண்ணும் ஒரு காரணம்.

நடைதூரத்தில் ஒரு நாடகப் பள்ளி

பள்ளி முடித்த மைக்கேலா பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியமும் இறையியலும் படிக்கப் போனார். அப்போது அவருக்குத் தீவிர கிறிஸ்தவ நம்பிக்கை. கவிதை எழுதி மேடைகளில் வாசிப்பார். 'மைக்கேலா தி போயட்' என்று பெயர். ஒரு கவிதை மேடையில் அவரைப் பார்த்த நாடகாசிரியர் ஷே வாக்கர், நடிப்புப் பள்ளிக்கு விண்ணப்பிக்கச் சொன்னார். பல்கலைக்கழகப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, 2009இல் லண்டன் கில்ட்ஹால் இசை, நாடகப் பள்ளியில் சேர்ந்தார். அதற்கு முந்தைய ஐந்து வருடங்களில் அங்கே நடிப்புப் படிப்பில் ஒரு கறுப்பினப் பெண்ணும் சேர்க்கப்படவில்லை.

கில்ட்ஹால் இருப்பது அதே ஸ்கொயர் மைலுக்குள், பார்பிகன் பகுதியில். ஆல்ட்கேட்டிலிருந்து நடந்தே போய்விடலாம். பார்பிகனே பார்க்கவேண்டிய இடம். 1940 டிசம்பர் 29 இரவு ஜெர்மன் விமானங்கள் போட்ட குண்டுகளில் எரிந்து தரைமட்டமான பகுதி. போருக்குப் பிறகு அங்கே கான்கிரீட்டில் உயர்ந்த மாடிகளும், செயற்கை ஏரியும், அரங்குகளும் கட்டினார்கள். முதல் பார்வைக்கு முரட்டுத்தனமாகத் தெரியும். ஏரிக்கரையில் பத்து நிமிடம் உட்கார்ந்தால் மனசு மாறிவிடும்.

கடைசி வருடத்தில் மாணவர்கள் தாங்களே ஒரு தனிநபர் நாடகம் உருவாக்க வேண்டும். மைக்கேலா எழுதியது 'சூயிங் கம் டிரீம்ஸ்'. ஹாக்னி பகுதியின் ஏழைக் குடியிருப்பில் வாழும் ட்ரேசி என்ற 14 வயதுப் பெண்ணின் கதை. பள்ளிக்கூடம், பஸ், தோழிகள், காதல் குழப்பம், வீட்டுக் கஷ்டம். ட்ரேசி, தோழி, டீச்சர், பையன்கள் என்று எல்லா வேடத்தையும் அவர் ஒருவரே நடித்தார். மேடையில் அதுவரை இந்தப் பெண்ணைப் போன்றவர்கள் பெரும்பாலும் பக்கத்து வேடத்தில் வந்துபோனவர்கள். இங்கே கதையே அவளுடையது.

கிடங்கில் பிறந்த அரங்கம்

படித்து முடித்த அந்த 2012ஆம் ஆண்டிலேயே நாடகம் பள்ளியைத் தாண்டி வெளியே வந்தது. இடம், ஹாக்னி விக்.

ஹாக்னி விக் போக ஓவர்கிரவுண்ட் ரயில் வசதி. ஸ்ட்ராட்ஃபோர்டிலிருந்து ஒரே ஸ்டேஷன். லீ ஆற்றின் கால்வாய் ஓரமாகப் பழைய தொழிற்சாலைகள் இருந்த ஊர். உலகின் முதல் பிளாஸ்டிக் வகையான 'பார்க்சைன்' 1860களில் இங்கேதான் தொழிற்சாலையில் தயாரானது. தொழிற்சாலைகள் மூடியதும், குறைந்த வாடகைக்கு இடம் தேடிய ஓவியர்களும் இசைக்காரர்களும் கிடங்குகளில் குடியேறினார்கள். இன்றும் சுவர் முழுக்கப் பெரிய பெரிய ஓவியங்கள். கால்வாயில் வண்ணம் பூசிய படகு வீடுகள்.

2011இல் அங்கே பயன்பாடில்லாத ஒரு கிடங்கை, மிச்சம்மீதிப் பலகைகளையும் பழைய பொருள்களையும் வைத்து ஓர் அரங்கமாக்கினார்கள். பெயர் 'தி யார்ட்'. 2012இல் கால்வாய்க்கு அந்தப் பக்கம் கோடிக்கணக்கான பவுண்டு செலவில் கட்டிய மைதானத்தில் லண்டன் ஒலிம்பிக்ஸ் நடந்தது. அதே வருடம் கால்வாய்க்கு இந்தப் பக்கம், கிடங்கு அரங்கில், ஒரே ஒரு பெண் மேடையில் நின்று தன் தெருவின் கதையைச் சொன்னார். ஒலிம்பிக்ஸ் பூங்காவில் நடக்கப் போகிறவர்கள் அந்தக் கால்வாய்ப் பாலத்தில் ஒரு நிமிடம் நின்று இரண்டு கரையையும் பார்க்கலாம்.

காந்தி தங்கிய அறை, சாப்ளின் வந்த தெரு

ஹாக்னி விக்குக்குத் தெற்கே, அதிக தூரமில்லை, போ என்ற பகுதி. அங்கே கிங்ஸ்லி ஹால் இருக்கிறது. 1931இல் வட்டமேஜை மாநாட்டுக்கு வந்த காந்தி, பெரிய ஹோட்டல்கள் வேண்டாம் என்று சொல்லி, கிழக்கு லண்டனின் ஏழைகளுக்கு நடுவே, இந்த இல்லத்தின் மொட்டைமாடியில் ஒரு சின்ன அறையில் சுமார் 12 வாரம் தங்கினார். விடியற்காலையில் தெருவில் நடக்கும்போது பிள்ளைகள் கூடவே ஓடுவார்கள்.

அந்த செப்டம்பரில்தான், கேனிங் டவுனில் ஓர் இந்திய மருத்துவரின் வீட்டில் காந்தியைச் சந்தித்தார் சார்லி சாப்ளின். அவரும் லண்டனின் வறுமையில் வளர்ந்தவர். எழுதி, இயக்கி, நடித்தவர். தன் படங்கள் தனக்கே சொந்தமாக இருக்கவேண்டும் என்பதில் பிடிவாதமாக இருந்தவர். அதற்காகவே 1919இல் சில கலைஞர்களோடு சேர்ந்து யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். அந்தப் பிடிவாதம் கிழக்கு லண்டனில் இன்னொருவரிடமும் இருந்தது என்பது சுமார் 100 வருடங்களுக்குப் பிறகு தெரியவந்தது.

ஆற்றங்கரையில் ஒரு சிவப்புப் பெட்டி

தேம்ஸ் நதியின் தென்கரையில், வாட்டர்லூ பாலத்தை ஒட்டி நேஷனல் தியேட்டர் இருக்கிறது. கான்கிரீட் மலை மாதிரி ஒரு கட்டடம். 2013இல் அதன் முன்னால் சிவப்பு மரப்பலகையில் ஒரு தற்காலிக அரங்கம் கட்டினார்கள். நான்கு மூலையிலும் புகைபோக்கி மாதிரி நான்கு கொம்பு. பெயர் 'தி ஷெட்'. கொட்டகை என்று அர்த்தம். 2014இல் 'சூயிங் கம் டிரீம்ஸ்' அங்கே அரங்கேறியது. அதே வருடம் பெரிய மேடையில் 'மீடியா' நாடகத்திலும் மைக்கேலா நடித்தார்.

அந்தக் கொட்டகை இப்போது இல்லை. பிரித்து எடுத்துவிட்டார்கள். ஆனால் அங்கே நின்ற கதை தொலைக்காட்சிக்குப் போனது. 2015இல் 'சூயிங் கம்' நகைச்சுவைத் தொடராக ஒளிபரப்பானது. ட்ரேசிக்கு இப்போது 24 வயது. எழுதியதும் நடித்ததும் மைக்கேலாவேதான். 2016இல் நகைச்சுவை நடிப்புக்கும், புதிய திறமைக்குமாக இரண்டு பாஃப்டா விருதுகள் கிடைத்தன.

வெளியே பார்த்தவர்களுக்கு அது வெற்றி. உள்ளே நடந்ததைப் பிறகுதான் அவர் சொன்னார்.

எடின்பரோவில் ஒரு மாலை

2018 ஆகஸ்ட். ஸ்காட்லாந்தின் எடின்பரோ நகரம். மலைமேல் கோட்டை, கீழே கல் பாவிய தெருக்கள். ஆகஸ்டில் ஊரே நாடக மேடையாகிவிடும். அந்த மாதத்தில்தான் தொலைக்காட்சித் திருவிழாவும் நடக்கும். அதில் 'மெக்டாகர்ட் சொற்பொழிவு' என்று ஒன்று உண்டு. தொலைக்காட்சித் துறையின் பெரிய முதலாளிகளும் தலைவர்களும் பேசும் மேடை. அந்த வருடம் பேசியது 30 வயது மைக்கேலா. அந்த மேடையில் ஏறிய முதல் கறுப்பினப் பெண்.

வங்கிகளுக்கு நடுவே வளர்ந்ததைச் சொன்னார். படப்பிடிப்பில் கறுப்பின நடிகர்கள் பலரை ஒரே கேரவனில் அடைத்துவிட்டு, மற்றவருக்குத் தனி இடம் கொடுத்ததைச் சொன்னார். பிறகு, யாரும் எதிர்பார்க்காத ஒன்றைச் சொன்னார். 'சூயிங் கம்' இரண்டாம் பாகத்தை எழுதிக்கொண்டிருந்த ஓர் இரவு. காலை 7 மணிக்குள் ஒரு பகுதியை முடித்துக் கொடுக்க வேண்டும். ஒரு சின்ன இடைவேளை எடுத்து நண்பரைப் பார்க்கப் போனார். நினைவு திரும்பியபோது, மறுபடி அலுவலகத்தில் உட்கார்ந்து தட்டச்சு செய்துகொண்டிருந்தார். நடுவில் நடந்தது கொஞ்சம் கொஞ்சமாகத்தான் நினைவுக்கு வந்தது. பானத்தில் எதையோ கலந்து கொடுத்து, அறிமுகமில்லாதவர்கள் அவரைப் பாலியல் வன்முறைக்கு ஆளாக்கியிருந்தார்கள். போலீசுக்குச் சொன்னார். அடுத்து, குடும்பத்தாருக்கும் முன்னால், தயாரிப்பாளர்களுக்குப் போன் செய்தார். எழுதி முடிக்க முடியவில்லையே என்ற கவலை!

அரங்கம் அமைதியாகக் கேட்டது. அவர் அழுது புலம்பவில்லை. வேலை கொடுக்கிறவர்கள், வேலை செய்கிறவர்களை எப்படிப் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று நிதானமாகக் கேட்டார். அந்த உரை பிறகு 'மிஸ்ஃபிட்ஸ்' என்ற சின்னப் புத்தகமாக 2021இல் வந்தது. எதிலும் பொருந்தாதவர்கள் என்று அர்த்தம்.

அரை சதவீதம்

அந்த அனுபவத்திலிருந்து ஒரு கதையை எழுத ஆரம்பித்திருந்தார். 2017இல் நெட்ஃபிளிக்ஸ் அதற்கு 10 லட்சம் டாலர் தருவதாகச் சொன்னது. மாதக்கடைசிக்குக் காசு எண்ணிய வீட்டுப் பெண்ணுக்கு 10 லட்சம் டாலர்!

மைக்கேலா ஒன்று கேட்டார். கதையின் உரிமையில் தனக்கு ஒரு பங்கு வேண்டும். ஐந்து சதவீதம். முடியாது என்றார்கள். பேரம் இறங்கி இறங்கி அரை சதவீதத்துக்கு வந்தது. அதுவும் முடியாது. அங்கே அப்படி வழக்கம் இல்லையாம். போனில் பேசிய அதிகாரியே கடைசியில் குரலைத் தாழ்த்தி, நீ செய்வது சரிதான், உன்னை நினைத்தால் பெருமையாக இருக்கிறது என்று சொன்னதாக மைக்கேலா பிறகு ஒரு பேட்டியில் சொன்னார். பணம் வேண்டாம் என்று வந்துவிட்டார். அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திடச் சொல்லி வற்புறுத்திய ஏஜென்சியையும் விட்டுவிட்டார்.

ஆல்ட்கேட்டில் நின்று யோசித்தால் இந்த முடிவு புரியும். அந்தச் சதுர மைலில் ஒவ்வொரு கல்லுக்கும் சொந்தக்காரர் உண்டு. அங்கே வாடகைக்குக் குடியிருந்த பெண்ணுக்கு, ஒரு பொருளை விலைக்கு வாங்குவதற்கும் சொந்தமாக வைத்திருப்பதற்கும் உள்ள வித்தியாசத்தை யாரும் வகுப்பெடுத்துச் சொல்லவேண்டியதில்லை. அதுவும், பறிக்கப்பட்ட ஓர் இரவைப் பற்றிய கதை. அதையும் இன்னொருவர் கையில் முழுசாகக் கொடுத்துவிட்டால் மிச்சம் என்ன?

பிபிசி அவர் கேட்டதற்குச் சம்மதித்தது. உரிமை அவருக்கு, கதையில் கடைசி வார்த்தையும் அவருக்கு. 191 முறை திருத்தி எழுதினார். 12 பகுதிகளையும் அவரே எழுதி, சாம் மில்லரோடு சேர்ந்து இயக்கி, முக்கிய வேடத்தில் நடித்தார். 'ஐ மே டெஸ்ட்ராய் யூ' 2020 ஜூனில் வெளியானது. அராபெல்லா என்ற இளம் எழுத்தாளர், நினைவில்லாத ஓர் இரவைத் துண்டு துண்டாகத் தேடிப் பிடிக்கும் கதை. கிழக்கு லண்டன் தெருக்களும், இத்தாலியில் ரோம் அருகிலுள்ள ஓஸ்தியா கடற்கரையும் அதில் வருகின்றன. பெரியவர்களுக்கான தொடர். குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்கக்கூடியது அல்ல.

2021இல் அந்தத் தொடரின் எழுத்து, இயக்கம், நடிப்பு மூன்றுக்கும் அவருக்கு பாஃப்டா கிடைத்தது. விருது மேடையில், படப்பிடிப்பில் நெருக்கமான காட்சிகளின்போது நடிகர்களின் பாதுகாப்பைப் பார்த்துக்கொண்ட ஒருங்கிணைப்பாளர் ஈட்டா ஓபிரையனுக்கு நன்றி சொன்னார். செப்டம்பரில் எம்மி. கையிலிருந்த காகிதத்தைப் பார்த்துச் சில வரிகள்தான் பேசினார். எது உங்களைப் பயமுறுத்துகிறதோ அதை எழுதுங்கள், சில காலம் யார் கண்ணிலும் படாமல் இருக்கப் பயப்படாதீர்கள் என்பது அதன் சாரம். பாலியல் வன்முறையிலிருந்து மீண்ட எல்லோருக்கும் அந்தக் கதையைச் சமர்ப்பித்தார்.

2022இல் 'பிளாக் பாந்தர்: வகாண்டா ஃபாரெவர்' படத்தில் போர்வீராங்கனையாக நடித்தபோது அவருடைய முகம் உலகம் முழுக்கத் தெரிந்தது. அதற்கு முன்பே 2018இல் வந்த 'பிளாக் எர்த் ரைசிங்' தொடரின் படப்பிடிப்பு அவரைப் பெற்றோரின் நாடான கானாவுக்கு அழைத்துப் போயிருந்தது.

ஒரு நாள் போதும்

இந்தப் பாதையை ஒரே நாளில் சுற்றிவரலாம். ஞாயிற்றுக்கிழமை நல்லது. காலையில் ஆல்ட்கேட் ஸ்டேஷனில் இறங்கி, பம்ப்பைப் பார்த்துவிட்டு, பெட்டிகோட் லேன் சந்தை. பிரிக் லேனில் மதியச் சாப்பாடு. பிறகு ரயிலில் ஹாக்னி விக் போய்க் கால்வாய் ஓரம் ஒரு நடை. பெரியவர்களுக்கும் சிரமமில்லாத சமதளம். மாலையில் வாட்டர்லூ வந்து தென்கரையில் உட்காரலாம். நேஷனல் தியேட்டரின் முன்கூடத்துக்குள் போக டிக்கெட் தேவையில்லை. வெயில் காலத்திலும் ஒரு குடை கையில் இருக்கட்டும். லண்டன் வானத்தை நம்ப முடியாது.

சாசர் குடியிருந்த வாசல் இல்லை. சிவப்புக் கொட்டகை இல்லை. இந்த நகரம் எதையும் அதிக நாள் அப்படியே விட்டுவைப்பதில்லை.

மாலை ஆறு மணிக்கு ஆல்ட்கேட்டில் அலுவலகங்கள் காலியாகின்றன. அடையாள அட்டைக்காரர்கள் ரயிலைப் பிடிக்க ஓடுகிறார்கள். அவர்கள் போனபின், கோபுரங்களுக்கு நடுவிலுள்ள அந்தச் சின்ன வீடுகளில் ஒவ்வொன்றாக விளக்கு எரிகிறது. ஏதோ ஒரு சமையலறையில், அம்மா வேலையிலிருந்து வரும்வரை, ஒரு சிறுமி வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருக்கலாம்.